சன்னாசியின் சுட்டுவிரல்

சன்னாசி அண்ணன் தே தாரிக் தேநீர் குடிப்பதற்கு முன்னால் வலது கைச் சுட்டுவிரலைத் தூக்குவார். விரைப்பாக அல்ல. நுனிக் கணு சற்றே மடங்கி, எதையோ யோசித்துக்கொண்டு நடந்துவருகிற ஆளைப்போல அந்த விரல் மேலே வரும். காதுமடல் உயரத்தில் நிற்கும். நகம் கறுத்திருக்கும், யார் வீட்டுக் கூரையிலோ தட்டு ஆண்டெனா மாட்டும்போது சுத்தியல் பட்டது. விரல் நிற்கிற நேரம் இமைகள் பாதி இறங்கும், மூச்சு நின்றுவிடும். எதிரே உட்கார்ந்திருக்கிற நாமும் ஏன் என்று தெரியாமலே மூச்சைப் பிடித்துக்கொள்வோம். பக்கத்து மேசைக்காரர் ரொட்டியைப் பிய்த்த கையோடு காத்திருப்பார். பிறகு விரல், அழைப்பு மணியை அழுத்துவதுபோல் பட்டென்று இறங்கும். அதற்கப்புறம்தான் முதல் மிடறு.

சாலையைக் கடக்கும்போதும் இதுதான். மோட்டாரை உதைப்பதற்கு முன்பும் இதுதான். பல் பிடுங்கப் போனபோது வாயைத் திறந்துகொண்டே விரலைத் தூக்கியிருக்கிறார். வலிக்கிறதாக்கும் என்று டாக்டர் இடுக்கியை வெளியே எடுத்துவிட்டார். விரல் இறங்கியது, டாக்டர் மறுபடி தொடங்கினார். "அந்த டாக்டருக்கு டைரக்‌ஷன் தெரியும் லா" என்று அண்ணன் பல நாள் சொல்லிக்கொண்டிருந்தார்.

அவர் டைரக்டர். அம்பாங்கானில் அவர் வீட்டு வாசலில் நிற்கிற பழைய வேனில் அப்படித்தான் எழுதியிருக்கிறது: டைரக்டர் சன்னாசி. அதற்குக் கீழே சின்ன எழுத்தில், 'கல்யாணம், காதுகுத்து, கருமக்கிரியை, தட்டு ஆண்டெனா.' கல்யாணத்தை வீடியோ எடுப்பதும் ஆண்டெனா மாட்டுவதும் சோற்றுக்கு. மற்ற நேரமெல்லாம் படம். கதை, வசனம், ஒளிப்பதிவு, எடிட்டிங், சாமான் தூக்குவது எல்லாம் அவரே. நடிக்க வருகிறவர்களுக்குச் சாப்பாடு மட்டும் அவர் மனைவி குமுதவல்லி அக்கா. அக்காவுக்கு செனவாங்கில் எலெக்ட்ரானிக் ஃபேக்டரி வேலை. ஷிப்ட் முடிந்து வந்து, சீருடையைக் கழற்றாமலே நடிக்கவும் மேக்கப் போட்டுக்கொள்வார்.

போர்டிக்சன் போகிற வழியில் உள்ள புக்கிட் ஜெரிங் தோட்டத்தில் பிறந்தவர் அண்ணன். மாற்றலாகிப் போன தோட்ட ஆபீஸ் கிராணி ஒருவர் கெட்டுப்போன வீடியோ கேமரா ஒன்றைக் குப்பை என்று விட்டுவிட்டுப் போனார். அண்ணன் அதைத் திறந்து, உள்ளே குடியிருந்த எறும்புகளைத் தட்டிவிட்டார். கேமரா ஓடத் தொடங்கியது. முதல் படம், 'செம்பனைக்குள்ள யாரு'. பேய்ப்படம். தோட்டத்தில் ஆட்களை மேற்பார்க்கும் மண்டோர் புவனேஸ்வரனின் மகள் மாதவிக்கு அப்போது ஏழு வயது, அவள்தான் பேய். வெள்ளைத் துணியைச் சுற்றி அவளைச் செம்பனைத் தோப்புக்குள் நிறுத்தினார்கள். கீழே சிவப்பெறும்புப் புற்று. மாதவி அலறிய அலறலை இன்றைக்கும் யாராலும் நடித்துக் காட்ட முடியாது. படத்தைக் கோயில் மண்டபத்தில் போட்டபோது பெரிய ஆட்கள்கூட வீட்டுக்குக் கூட்டமாகத்தான் போனார்களாம்.

அடுத்தது காதல் படம். போர்டிக்சன் பக்கம், இராணுவ முகாமுக்கு அருகில் இடம் பார்த்தார். கதாநாயகன் வாயைத் திறக்கும்போதெல்லாம் முகாமில் சுடும் பயிற்சி. மூன்று வாரம் பொறுத்தார். நான்காவது வாரம் கதையைப் போர்ப்படமாக மாற்றிவிட்டார். "சத்தம் ஃப்ரீயா வருது, எதுக்கு லா விடணும்?" எண்ணெய் ஆலைக்காரர்கள் தீ விபத்துப் பாதுகாப்புக்கு ஒரு சின்ன வீடியோ கேட்டார்கள். தீயை வைக்கிறவன் இல்லாமல் எப்படித் தீ வரும் என்று அண்ணனுக்கு நியாயமான ஒரு சந்தேகம். வில்லனைப் போட்டார், வில்லனுக்கு ஒரு தங்கையைப் போட்டார். ஆலைத் தொழிலாளிகள் பார்த்துவிட்டு மேனேஜரிடம், இரண்டாம் பாகம் எப்போது என்று கேட்டார்கள்.

சாவு வீட்டிலும் அவர் டைரக்டர்தான். "அக்கா, இப்ப அழுதுகிட்டே வந்தீங்கல்ல, வெளிச்சம் பத்தல. இன்னொரு தடவ கேட்லேர்ந்து வாங்க." கோபித்துக்கொண்டவர் யாரும் இல்லை. இரண்டாம் தடவை எல்லோரும் இன்னும் நன்றாக அழுதார்கள்.

எனக்கு அவரைத் தெரியவந்தது சிரம்பானில் நான் வேலை செய்யும் கைப்பேசிக் கடையில். திறக்காத ஹார்ட் டிஸ்க் ஒன்றைக் கொண்டுவந்திருந்தார். கல்லாவுக்குப் பின்னால் நான் ஒளித்துவைத்திருந்த கவிதைப் புத்தகத்தை எட்டிப் பார்த்தார்.

"தம்பி கவிதைலாம் படிப்பியா?"

தலையாட்டினேன்.

"மலாய் எழுத வருமா?"

அதற்கும் தலையாட்டினேன்.

"அப்ப சப்டைட்டில் நீ போடு. கவிதையும் அதான், சப்டைட்டிலும் அதான். ரெண்டு வரிக்கு மேல போனா ஒருத்தனும் படிக்க மாட்டான்."

இப்படித்தான் 'நிறுத்துங்க!' படத்துக்குள் நான் வந்தேன். அவருடைய முதல் முழுநீளப் படம். நான் சேர்ந்தபோது அதை எடுக்கத் தொடங்கி ஒன்பது வருடம் ஆகியிருந்தது. கதை எளிது. எல்லாவற்றுக்கும் தாமதமாக வருகிற ஒருவன், ஒரே ஒரு இடத்துக்கு மட்டும் சரியான நேரத்துக்கு வருகிறான்: காதலியின் கல்யாண மண்டபம். கையைத் தூக்கி 'நிறுத்துங்க!' என்று கத்துகிறான். கல்யாணம் நிற்கிறது. படம் முடிகிறது.

கதாநாயகன் வசந்தன், செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டுபவர். தொடங்கும்போது தலை நிறைய முடி. ஒன்பது வருடத்தில் அது மெல்ல மெல்லப் போய்விட்டது. ஒரு காட்சியில் அவர் கதவைத் திறக்கும்போது முடி இருக்கும். உள்ளே வரும்போது இருக்காது. அந்தக் கதவுக்கு நடுவில் 'சில ஆண்டுகளுக்குப் பிறகு' என்று சப்டைட்டில் போடச் சொன்னார் அண்ணன். போட்டேன். பிறகுதான் விக் வாங்கினார்கள்.

கதாநாயகி இன்னும் சுலபம். காதல் படத்தில் நடிக்க யார் வீட்டிலும் பெண்ணை விடவில்லை. அதனால் படம் முழுக்கக் கதாநாயகியின் முதுகுதான் வரும். முதுகு குமுதவல்லி அக்காவுடையது. அக்காவுக்கு ஷிப்ட் இருந்த நாள்களில், மன்னிக்க வேண்டும், வசந்தனின் தம்பியுடையது. சி ரூசா கடற்கரையில் எடுத்த பாட்டில் முதுகு அலையைப் பார்த்துக்கொண்டிருக்கும். அதற்கு அப்பால் ஒரு குடும்பம் நாசி லெமாக் சோற்றுப் பொட்டலத்தைப் பிரித்துவைத்துக்கொண்டு நம்மைப் பார்த்துக்கொண்டிருக்கும்.

கூட்டக் காட்சிகளுக்கு அண்ணனிடம் ஒரு முறை இருந்தது. வீடியோ எடுக்கக் கூப்பிட்ட வீட்டிலேயே அனுமதி கேட்டு, அங்கேயே தன் காட்சியையும் எடுத்துக்கொள்வார். வந்தவர்கள் எல்லாம் துணை நடிகர்கள். வசந்தன் காதுகுத்தில் மொய் எழுதுவார், திருவிழாவில் காவடிக்குப் பின்னால் ஓடுவார், முன்பின் தெரியாதவருடைய சாவில் தேம்பி அழுவார். பல குடும்ப ஆல்பங்களில் அவர் இருக்கிறார், அவர் யார் என்று அந்தக் குடும்பங்களுக்குத் தெரியாது.

எல்லாம் கிடைத்தது. கல்யாணக் காட்சி மட்டும் கிடைக்கவில்லை. மணவறைக்கு முன்னால் ஒருவன் நின்று 'நிறுத்துங்க' என்று கத்துவதற்கு எந்த வீட்டில் சம்மதிப்பார்கள்? கேட்ட இடத்திலெல்லாம் அண்ணனை வாசல் வரைக்கும் கொண்டுவந்து விட்டார்கள். ஒருவர் கல்யாண வேலையையே வேறு ஆளுக்குக் கொடுத்துவிட்டார்.

இந்த நேரத்தில்தான் அஸ்வர் காக்கா ஒரு செய்தி கொண்டுவந்தார். போர்டிக்சனில் சாப்பாட்டுக் கடை வைத்திருப்பவர். படத்தின் தயாரிப்பாளர் என்று போஸ்டரில் இருக்கும். தயாரித்தது என்னவோ எங்களுக்கான தேநீரைத்தான். வசந்தன் மனம் உடையும் காட்சியெல்லாம் அவர் கடையில்தான் எடுத்தது. அதில் அவருக்கு நெடுநாள் வருத்தம்.

"ஏன் டைரக்டரே, ஒங்க ஹீரோ சந்தோசமா இருந்தா நம்ம கடைக்கு வர மாட்டானா?"

அவருடைய மருமகன் சிரம்பானில் ஒரு சினிமா ஹாலில் மேனேஜர். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலைக் காட்சியை இந்தப் படத்துக்கு ஒதுக்கித் தருவதாகச் சொல்லிவிட்டாராம். உண்மையான ஹால், உண்மையான திரை.

"ஆனா அடுத்த மாசம் மொத ஞாயிறு. அன்னிக்குப் படம் கையில இல்லாட்டி அவ்வளவுதான். இன்னொரு தடவ கேக்க எனக்கு மொகம் இல்ல."

அண்ணன் விரலைத் தூக்கினார். அது இறங்க வெகுநேரம் ஆனது.

காப்பாற்றியவள் பேய். அதாவது மாதவி. அவள் இப்போது நர்ஸ். கல்யாணம் நிச்சயமாகி, வீடியோவுக்கு அண்ணனைத்தான் கூப்பிட வேண்டும் என்று பிடிவாதமாக இருந்தாள். அண்ணன் தயங்கித் தயங்கி விஷயத்தைச் சொன்னதும் சிரித்தாள்.

"எறும்புப் புத்துலயே நின்னவ, இதுக்கா பயப்படுவேன்? அப்பாகிட்ட நான் பேசறேன் அங்கிள்."

அப்பா புவனேஸ்வரன், முன்னாள் மண்டோர். வேலையை விட்டாலும் வேலை அவரை விடவில்லை. கோயில் மண்டபத்துக்குள் வருகிற ஆட்களைக்கூடக் கண்ணால் எண்ணுவார். மகளுக்காக இறங்கிவந்து நிபந்தனை போட்டார். தாலி கட்டுவதற்கு வெகு முன்னாலேயே எடுத்து முடித்துவிட வேண்டும். அந்த வார்த்தை சத்தமாக வரவே கூடாது. வாயை மட்டும் அசைக்கலாம்.

"சத்தத்த அப்பறம் வீட்டுல வச்சுப் போட்டுக்க. என் மண்டபத்துல அந்த வார்த்த கேக்கக் கூடாது."

"வாய மட்டும் மாமா. சத்தியமா."

கல்யாணம் சனிக்கிழமை, புக்கிட் ஜெரிங் தோட்டத்துக் கோயில் மண்டபத்தில். பத்தரை மணி வரைக்கும் ராகு காலம் என்று பஞ்சாங்கத்தைப் பார்த்துக் கணக்குப் போட்டு, அதற்குமேல் தாலி என்று புவனேஸ்வரனே நேரம் குறித்திருந்தார். பத்து மணிக்கெல்லாம் சடங்குகள் முடிந்துவிட்டன. தாலித் தட்டு கூட்டத்தைச் சுற்றி ஆசி வாங்கித் திரும்பி வந்துவிட்டது. எல்லார் கையிலும் மஞ்சள் அரிசி. இனி ராகு காலம் போகட்டும் என்று எல்லோரும் சும்மா காத்திருந்தார்கள். குருக்கள் தண்ணீர் குடித்தார். கைப்பேசிகள் வெளியே வந்தன.

அண்ணன் இந்த இடைவெளிக்காகத்தான் ஒன்பது வருடம் காத்திருந்தார். கேமராவை மணவறைக்குப் பக்கவாட்டில் வைத்தார். வசந்தனுக்கு விக்கைச் சரிசெய்து, ஜனங்களுக்கு நடுவே நிற்கவைத்தார். மாப்பிள்ளையிடம் குனிந்து, "தம்பி, சும்மா தாலிய கையில எடுத்து, கழுத்துக்கிட்ட புடிச்சமாரி வச்சுக்கங்க. ரெண்டே நிமிசம்" என்றார். மாப்பிள்ளை நல்ல பையன், எடுத்துப் பிடித்தார். நான் மண்டபத் தூண் அருகே வெளிச்சத் தட்டைப் பிடித்திருந்தேன்.

அண்ணன் வசந்தனைப் பார்த்தார். வலது கைச் சுட்டுவிரலைத் தூக்கினார்.

மேளம் வெடித்தது.

நம் கல்யாணங்களில் தாலி கட்டுகிற நேரம் குருக்கள் கையைத் தூக்கிக் காட்டுவார்; கெட்டிமேளம் முழங்கும்; அரிசி பறக்கும். மேடையோரத்தில் தவிலோடு உட்கார்ந்திருந்த தேவன் அண்ணன், மேலே எழுந்த அந்த விரலைப் பார்த்ததும் கண்ணை மூடிக்கொண்டு அடிக்கத் தொடங்கிவிட்டார். தவிலைக் கேட்டு நாதஸ்வரம் சேர்ந்துகொண்டது. கைப்பேசியில் இருந்தவர்கள் திடுக்கிட்டு, யோசிக்காமல், கையிலிருந்த அரிசியை வீசினார்கள். மாப்பிள்ளை எங்களைப் பார்த்தார், மேளத்தைப் பார்த்தார். கெட்டிமேளம் கேட்டதும் கட்டிவிட வேண்டும், கை நடுங்கக் கூடாது என்று அவருக்கு வீட்டில் ஒரு மாதமாகச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். கட்டிவிட்டார். அவருடைய அக்கா ஓடிவந்து மிச்ச முடிச்சையும் போட்டுவிட்டார்.

நடுவில் வசந்தன் மட்டும் கையைத் தூக்கியபடி, வாயைத் திறந்தபடி, சத்தமில்லாமல் கத்திக்கொண்டிருந்தார். விரல் எழுந்தால் அசையாமல் தயாராவது, இறங்கினால் தொடங்குவது என்பது அண்ணனின் பயிற்சி. விரல் எழுந்தது எப்போது, இறங்கியது எப்போது என்று அன்றைக்கு அவருக்குப் புரியவில்லை.

மேளம் ஓய்ந்தது. குருக்களின் கையில் தண்ணீர்ப் போத்தல் பாதியில் நின்றிருந்தது.

"நான் கையே தூக்கல!" என்றார்.

"ராகு காலத்துல தாலி ஏறிடுச்சே!" மாதவியின் அம்மா மணவறையிலேயே உட்கார்ந்துவிட்டார்.

புவனேஸ்வரன் தேவனை நோக்கி நடந்தார். "யார்ரா ஒனக்கு சிக்னல் குடுத்தது? கண்ணு தெரியுதா தெரியலயா ஒனக்கு? இனிமே எந்தத் தோட்டத்துல நீ மேளம் அடிக்கிறேன்னு நான் பாக்கறேன்!"

தேவன் தவிலுக்குப் பின்னால் சிறுத்துக்கொண்டே போனார். "இல்ல மண்டோரய்யா… நானு… சன்னாசி அண்ணே…" என்று ஏதோ சொல்லவந்தார்.

அண்ணன் அவரை நோக்கி விரலைத் தூக்கினார். தேவன் வாயை மூடிக்கொண்டார்.

"அவன் மேல தப்பில்ல மாமா. வெரலு என்னுது, தப்பும் என்னுது. கல்யாண வீட்டுல வெரலத் தூக்கக் கூடாதுன்னு எனக்குத் தெரிஞ்சிருக்கணும்."

"அப்ப அந்தப் படத்த குடு."

அண்ணன் கேமராவிலிருந்து மெமரி கார்டை எடுத்துக் கொடுத்தார். புவனேஸ்வரன் அதைச் சட்டைப் பையில் போட்டுப் பொத்தானைப் பூட்டினார். ஹாலில் படம் போட மூன்று வாரம்தான் பாக்கி. ஒன்பது வருடப் படத்தின் முடிவு அந்தச் சட்டைப் பைக்குள் போவதை நாங்கள் எல்லோரும் பார்த்துக்கொண்டு நின்றோம்.

அப்போது மாப்பிள்ளையின் தாய்மாமன் எழுந்தார். சாப்பாடு ஆறுகிறது என்ற கவலை அவருக்கு.

"ஒரு நிமிசம் லா. எங்க வீட்டுக் கேலண்டர்ல இன்னிக்கு ராகு காலம் பத்தே காலுக்கு மேலதான் தொடங்குதுன்னு போட்ருக்கு."

"எந்த ஊரு கேலண்டர்?"

"இந்த ஊருதான். இங்க சூரியன் ஏழு மணிக்கு மேலதான வருது? ஆறு மணிக்கு வர்ற ஊருக்குப் போட்ட கணக்க வச்சுக்கிட்டு நம்ம என்னா பண்றது? தள்ளித்தான் பாக்கணும்."

மண்டபம் இரண்டாகப் பிரிந்தது. இந்தியா நேரம் என்றார்கள் ஒரு பக்கம். மலேசியா நேரம் என்றார்கள் மறுபக்கம். சாமிக்கு எந்த நேரம் என்று ஒருவர் கேட்டார். குருக்கள் இரண்டு பக்கத்தையும் பார்த்தார். முதலிலிருந்து கல்யாணம் செய்துவைக்க முடியாது என்பதையும் யோசித்திருப்பார். தொண்டையைச் சரிசெய்துகொண்டார்.

"சூரியன் எழும்பற கணக்குத்தான் சாஸ்திரம். தள்ளித்தான் பாக்கணும். இப்ப மணி பத்தைத் தாண்டி கொஞ்சம்தான் ஆகுது. ராகு காலம் இன்னும் தொடங்கவே இல்ல. தாலி நல்ல நேரத்துலதான் ஏறியிருக்கு."

எல்லோரும் பெருமூச்சு விட்டார்கள். பெருமூச்சு முடிந்ததும் ஒவ்வொருவராக இன்னொன்றைப் புரிந்துகொண்டார்கள். அப்படியானால் பத்தரைக்கு மேல் என்று குறித்திருந்த நேரம்தான் சரியாக ராகு காலத்தின் நடுவில் விழுகிறது. தலைகள் மெதுவாக, ஒன்றன்பின் ஒன்றாக, புவனேஸ்வரனின் பக்கம் திரும்பின.

"சாப்பாடு போடுங்க" என்றார் அவர்.

கார்டை மட்டும் திருப்பித் தரவில்லை. முன்பு கோபத்தில் வைத்திருந்தார், இப்போது வெட்கத்தில்.

அடுத்த இரண்டு வாரம் அண்ணன் அஸ்வர் காக்கா கடைக்கு வந்து தே தாரிக்கை எடுத்தார், குடித்தார். விரல் எழவில்லை. காக்கா கல்லாவை விட்டு இறங்கி என்னிடம் ஓடிவந்தார்.

"தம்பி, டைரக்டரு சும்மா குடிக்கிறாரு!"

வசந்தன் விக்கைக் காகிதப் பையில் போட்டுக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். அது ஒரு செத்த பூனையைப்போல் அங்கேயே கிடந்தது. ஹாலுக்குச் சொல்லிவிடலாமா என்று காக்கா மெல்லக் கேட்டார். இன்னும் ரெண்டு நாள் பாப்பமே என்றார் குமுதவல்லி அக்கா. கல்யாணத்தில் இரண்டாவது கேமரா அக்காவிடம் இருந்தது. ஆனால் மேளச் சத்தத்தில் பயந்து அக்கா எடுத்தது முழுக்க மண்டபத்துக் கூரை.

புவனேஸ்வரனை அசைத்தது மாதவிதான். கல்யாணம் முடிந்து மறுவீடு வந்தவள், வீடியோ எங்கே என்று கேட்டாள். மாப்பிள்ளை வீட்டிலும் கேட்டார்கள். தாலி கட்டியது அந்த ஒரு கார்டில்தான் இருக்கிறது. அதை அழித்தால் மகள் கல்யாணமே இல்லை என்கிற மாதிரி. சட்டைப் பைக்குள் அவர் பூட்டிவைத்திருந்தது தன் வீட்டுக் கல்யாணத்தை.

ஒரு சாயங்காலம் அவரே அம்பாங்கானுக்கு வந்தார். விபூதி டப்பாவுக்குள் கார்டு இருந்தது. உட்காரவில்லை.

"வீடியோ போட்டுக் குடு. அந்த சீனையும் வச்சுக்க. ஆனா ஒண்ணு. ஒம் படத்துலயும் என் மக கல்யாணம் நிக்கக் கூடாது."

அண்ணன் தலையைச் சொறிந்தார். "மாமா, படத்தோட பேரே 'நிறுத்துங்க'தான…"

"பேரு நிக்கட்டும். கல்யாணம் நிக்கக் கூடாது."

அவர் போனதும் கார்டைப் போட்டுப் பார்த்தோம். வசந்தன் கையைத் தூக்குகிறார். வாய் திறக்கிறது. சத்தம் வரவில்லை, மேளம்தான் வருகிறது. அரிசி மழையாக விழுகிறது. சில மணிகள் திறந்த வாய்க்குள்ளேயே விழுகின்றன. அவர் வாயை மூடுகிறார். தூக்கிய கையை என்ன செய்வதென்று தெரியாமல் பார்க்கிறார். பக்கத்தில் நின்ற வள்ளியம்மா என்கிற அம்மாள், பையனிடம் அரிசி இல்லை போலிருக்கிறது என்று நினைத்து, தன் கையிலிருந்ததில் பாதியை அந்தக் கைக்குள் வைத்து, "போடுப்பா" என்கிறார். வசந்தன் போடுகிறார். அப்போது கேமராவுக்குள் மாதவியின் முகம் முழுதாகத் திரும்புகிறது. படம் முழுக்க முதுகாகவே இருந்த பெண்ணுக்கு அந்த நிமிடம்தான் முகம் கிடைக்கிறது. அவள் சிரிப்பை அடக்க முடியாமல் சிரித்துக்கொண்டிருக்கிறாள்.

குமுதவல்லி அக்கா வெங்காயத் தட்டோடு அடுப்படி வாசலில் நின்றுகொண்டிருந்தார்.

"இதுக்குத்தான் ஒம்போது வருசம் எடுத்தீங்களா?" என்றார். திட்டுகிற குரல் இல்லை.

"வாய் திறக்கிற எடத்துக்கு என்ன சப்டைட்டில் அண்ணே?" என்று கேட்டேன்.

"சத்தமே வராததுக்கு என்னா லா சப்டைட்டில்? விட்ரு."

விட்டுவிட்டேன். நான் எழுதியதில் எனக்குப் பிடித்தது அந்தக் காலி வரிதான்.

ஞாயிற்றுக்கிழமை ஹால் நிறைந்தது. வந்தவர்களில் பாதிப்பேர் படத்தில் இருந்தார்கள். தங்கள் வீட்டுச் சாவு வந்ததும் ஒரு வரிசை எழுந்து நின்றது. காதுகுத்து நடந்த குழந்தை பெரிய பையனாக வந்து தன்னைப் பார்த்து வெட்கப்பட்டான். கதவுக்கு நடுவில் 'சில ஆண்டுகளுக்குப் பிறகு' வந்தபோது கைதட்டல் அடங்க வெகுநேரமானது. வசந்தன் எழுந்து விக்கைக் கழற்றி வணக்கம் சொன்னார். கடற்கரைப் பாட்டில் ஒரு குரல், "நாசி லெமாக் நாங்கதான்!" என்று இருட்டுக்குள் கத்தியது.

திரையில் கல்யாண மண்டபம் வந்தது. வசந்தன் கையைத் தூக்கினார். மேளம் வெடித்தது. சிரித்தார்கள், பிறகு வள்ளியம்மாவின் கை திரைக்குள் வந்தபோது சிரிப்பு எங்கேயோ மாறிப்போனது. முன்வரிசையில் புவனேஸ்வரன் மூக்கை உறிஞ்சுவது எனக்குக் கேட்டது. படம் முடிந்து விளக்கு வந்ததும் அவர் எழுந்து, யாரும் கேட்காமலே எல்லோருக்கும் சொன்னார்:

"நல்ல நேரம் அது. நல்ல நேரம்."

வெளியே வந்து அண்ணன் அஸ்வர் காக்கா ஃபிளாஸ்கில் கொண்டுவந்திருந்த தேநீரை வாங்கினார். விரலைத் தூக்கினார். ஹால் வாசலில் நின்ற அத்தனை பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டோம். தேவன் அண்ணன் மட்டும், தவில் இல்லாமலே, தன் தொடையில் ஒரு தட்டுத் தட்டிவிட்டு, யாராவது பார்த்தார்களா என்று சுற்றிப் பார்த்தார்.

அதன் அர்த்தம் எனக்கு அப்போது தெரியவில்லை. சில மாதம் கழித்து, ஹார்ட் டிஸ்கைத் திருப்பிக் கொடுக்க அம்பாங்கான் வீட்டுக்குப் போனேன். அண்ணன் ஆண்டெனா மாட்டப் போயிருந்தார். கேலண்டர் மாற்றுவதற்காகக் குமுதவல்லி அக்கா பழையதைக் கழற்றினார். அதற்குப் பின்னால் ஒரு கல்யாணப் படம் மாட்டியிருந்தது. அவர்களுடைய கல்யாணம், அதே கோயில் மண்டபம். ஒல்லியான சன்னாசி அண்ணன் இடது கையில் தாலிக் கயிற்றை அக்காவின் கழுத்தோரம் பிடித்துக்கொண்டு, வலது கைச் சுட்டுவிரலைக் காதுமடல் உயரத்துக்குத் தூக்கி, படத்துக்கு வெளியே யாரையோ பார்த்துக்கொண்டிருந்தார்.

"குருக்கள் கை காட்டிக் காட்டிப் பாத்தாரு, மேளம் வரல" என்றார் அக்கா. "அடிக்கிற பையனுக்கு அன்னிக்குத்தான் மொதக் கல்யாணம். பயத்துல யாரப் பாக்கறதுன்னே தெரியாம இவரயே பாத்துகிட்டு ஒக்காந்துருக்கான். இவரு பாத்தாரு, தாலிய ஒரு கையில வச்சுக்கிட்டு வெரலத் தூக்குனாரு. அடிச்சான் பாரு ஒரு அடி! அன்னிக்குப் புடிச்சதுதான் இவருக்கு இந்த வெரல் வியாதி. அந்தப் பையனுக்கும் தீரல போல."

"எந்தப் பையன்?"

"நம்ம தேவன்தான்."